மூன்றாம் கூடத்தின் டோக்கன்கள்

கர்ணசர் உப்புச் சுரங்கத்தைச் சுற்றிக் காட்ட எனக்கு நாற்பது நிமிஷ வசனம் எழுதிக் கொடுத்திருந்தார்கள். எங்கே நிற்க வேண்டும், எங்கே சிரிக்க வேண்டும் என்பது வரை அதில் இருக்கும். என் பெயர் நீலமேகம், ஊர் ஆத்தூர், படிப்பு எம்.ஏ. வரலாறு. ராஜஸ்தான் பாலைவனத்துக்கு அடியில் முந்நூறு மீட்டர் ஆழத்தில் தமிழ் பேச ஓர் ஆள் தேவைப்பட்டது, எனக்கு ஒரு வேலை தேவைப்பட்டது. வேறு பொருத்தம் எதையும் யாரும் பார்க்கவில்லை.

செவ்வாய்க்கிழமைகள் தமிழ்க் குடும்பங்களின் முறை. காலை பத்து மணிக்கு இறங்கி, தூங்குகிறவர்களைக் கண்ணாடி வழியாகப் பார்த்து, சுரங்கத்திலேயே தயிர்சாதம் சாப்பிட்டு, மதியம் மூன்றுக்குள் ஏறிவிட வேண்டும். போகும்போது தொப்பி ஒன்று இலவசம். தொப்பியில் ‘நலமாக உறங்குகிறார்’ என்று அச்சடித்திருக்கும். அதை யாரும் தலையில் வைத்து நான் பார்த்ததில்லை.

அன்று பதினாலு பேர் வந்திருந்தார்கள், எல்லோரும் மூன்றாம் கூடத்துக்காரர்கள். அந்தக் கூடத்தில் தூங்கும் முந்நூற்று அறுபத்திரண்டு பேரில் யாரோ ஒருவருக்குச் சொந்தக்காரர்கள். லிஃப்ட் இறங்க ஆரம்பித்ததும் நான் வசனத்தைத் தொடங்கினேன். இரண்டாவது வரியிலேயே ஓர் அம்மாள் குறுக்கே பேசினார். சொர்ணக்கிளி, தூத்துக்குடி, வயது நாற்பத்தைந்து இருக்கும். உப்பளத்தில் வேலை. இருநூற்று ஆறாம் பெட்டியில் கணவர் தவசிமுத்து.

“தம்பி, தூங்குதவங்களுக்கு எதுக்கு உப்புக் கொகை? ஊர்லயே ஒரு ஏசி ரூம்ல படுக்க வைக்கப்படாதா?”

“பெட்டி மெஷினுக்கு ஈரம் ஆகாதுங்க அக்கா. ஈரம் பட்டா தூக்கம் கலையாது, மூச்சுதான் நிக்கும். உப்புப் பாறை இருக்கற எடத்துல தண்ணி இருக்காது. தண்ணி வந்திருந்தா உப்பு கரைஞ்சு போயிருக்குமில்லீங்களா? கோடிக்கணக்கான வருசமா உப்பு அப்படியே இருக்குதுன்னா, அத்தனை வருசமா ஒரு சொட்டு உள்ள வரலைன்னு அர்த்தம்.”

“இதுவரைக்கும்” என்றார் அவர்.

உறக்கத் திட்டம் வந்த கதை எல்லோருக்கும் தெரியும். மழை பொய்த்த இரண்டாம் வருஷம், குடும்பத்துக்கு ஒருவர் கோடை மூன்று மாதம் தூங்கலாம் என்றார்கள். தூங்குகிறவருக்கு நாளைக்கு ஒரு டம்ளர் தண்ணீர் போதும். ஆனால் அவருடைய முழுப் பங்கும் குடும்பத்தின் தண்ணீர் அட்டையில் வந்துகொண்டே இருக்கும். மூன்று மாதம் ஒரு வருஷமானது. ஒரு வருஷம் ‘மழை வரும்வரை’ என்றானது. கையெழுத்துப் போட்டவர்கள் யாரும் அந்தக் கடைசி மாற்றத்தைப் படிக்கவில்லை, ஏனென்றால் அப்போது அவர்கள் தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

மூன்றாம் கூடம் பெரிய கல்யாண மண்டபம் அளவு இருக்கும். சுவரெல்லாம் சாம்பல் நிற உப்பு. வரிசை வரிசையாகக் கண்ணாடி மூடிய பெட்டிகள். சொந்தக்காரர்கள் அவரவர் பெட்டியைத் தேடிப் போனார்கள். மானாமதுரை ராக்கப்பன் யாரையும் கேட்காமல் நேராக இருநூற்றுப் பத்தொன்பதுக்குப் போனார். மகனைப் பார்க்க அவர் வருவது இது மூன்றாவது தடவை. கண்ணாடியைத் துண்டால் துடைத்துவிட்டு, நின்றபடியே பார்த்துக்கொண்டிருந்தார்.

கடைசியாக ஒரு வேடிக்கை உண்டு. வந்தவர்களை உப்புச் சுவரில் விரல் வைத்து நாக்கில் தடவிப் பார்க்கச் சொல்வேன். எல்லோரும் முகம் சுளிப்பார்கள், நான் வசனத்தில் உள்ளபடி சிரிப்பேன். சொர்ணக்கிளி சுவர்ப் பக்கமே போகவில்லை.

“உப்பை நாக்குல வச்சே பாதி வயசு போயிட்டு தம்பி. அந்த வாளி என்னது?”

கூடத்தின் கோடியில், இரண்டு வரிசைகளுக்கு நடுவே ஒரு பிளாஸ்டிக் வாளி இருந்தது. மேற்கூரையிலிருந்து அதில் சொட்டுச் சொட்டாக விழுந்துகொண்டிருந்தது. நாலு மாதமாக அது அங்கே இருக்கிறது. முதலில் வாரத்துக்கு ஒரு வாளி, இப்போது நாளைக்கு இரண்டு.

“ஏசி தண்ணிங்க அக்கா.” எனக்குச் சொல்லப்பட்டது அதுதான். நானும் நம்பியிருந்தேன்.

அவர் குனிந்து வாளியில் விரலை விட்டு நாக்கில் வைத்தார்.

“ஏசி தண்ணி எப்படி தம்பி கரிக்கும்?”

அவர் பையைத் திறந்து ஈரிழைத் துண்டில் சுற்றிய கண்ணாடிக் குழாய் ஒன்றை எடுத்தார். அடியில் குண்டு, மேலே ஒல்லியான தண்டில் கோடுகள். உப்பளங்களில் டிகிரி பார்க்கும் கருவி. அவருடைய வேலையே அதுதான். பாத்தி பாத்தியாகப் போய்த் தண்ணீரின் உப்பு எத்தனை டிகிரி என்று பார்த்துச் சொல்வது. மேலே சோதனையில் அதைக் காய்ச்சல் பார்க்கும் குழாய் என்று விட்டுவிட்டார்களாம்.

“இதை எதுக்குங்க இங்க கொண்டு வந்தீங்க?”

“ரெண்டு வருசமா ‘எல்லாம் நல்லா இருக்கு’ன்னே கடுதாசி வருது. நல்லா இருக்கான்னு நானே பாக்கணும்லா. தண்ணியைப் பத்தி மட்டும் என்னை யாரும் ஏமாத்த முடியாது.”

என் தண்ணீர் பாட்டிலைக் கேட்டு வாங்கினார். அதில் மிச்சமிருந்த நல்ல தண்ணீரைக் கீழே ஊற்றவில்லை, குடித்து முடித்தார். பிறகு வாளித் தண்ணீரை நிரப்பிக் குழாயை மிதக்கவிட்டார். குனிந்து, ஒரு கண்ணை மூடிப் பார்த்தார்.

“ஒம்பது” என்றார்.

“ஒம்பதுன்னா நல்லதா, கெட்டதா?”

“பாறைக்குள்ள பழைய தண்ணி ஏதும் அடைஞ்சு கெடந்து கசிஞ்சா, அது இருபத்தஞ்சுக்கு மேல காட்டும், நாக்குல கசக்கும். அதுக்குப் பயப்பட வேண்டாம். அது உப்பைத் தின்னு தின்னு வயிறு ரொம்பின தண்ணி. இது கசக்கல, வெறும் ஒம்பது. மேலருந்து வார நல்ல தண்ணி தம்பி. இவ்வளவு உப்புப் பாறை வழியா வந்தும் ஒம்பதுதான்னா, நின்னு தின்ன நேரம் இல்லாம ஓடியாருது. வழி அகலமா இருக்கு. போகப் போக இன்னும் அகலமாவும்.”

“மேல பாலைவனங்க. நல்ல தண்ணி எங்கிருந்து வரும்?”

கேட்கும்போதே எனக்கு விடை தெரிந்துவிட்டது. ஐந்து மாதத்துக்கு முன்பு சுரங்கத்துக்கு மேலே கோதுமை வயல்களுக்காகப் புது வாய்க்கால் வெட்டினார்கள். திறப்பு விழாவுக்கு எங்களுக்கு லட்டு கொடுத்தார்கள். அந்த வாய்க்கால், உப்பு தேடி அந்தக் காலத்தில் துளைத்த சோதனைக் குழி ஏதோ ஒன்றின் மேல் போகிறது என்று ஓட்டுநர்கள் பேசிக்கொண்டதும் நினைவுக்கு வந்தது.

நான் மேலாளருக்குப் போன் செய்தேன். அவர் பதறவே இல்லை. “தெரியும். கணக்குப் போட்டாகிவிட்டது. கூடம் நிறைய மூன்று வருஷம் ஆகும். அதற்குள் மழை வந்துவிடும். அவர்களிடம் ஒன்றும் பேசாமல் மேலே கூட்டி வா” என்று இந்தியில் சொல்லி வைத்துவிட்டார்.

நான் சொர்ணக்கிளியிடம் பொய் சொல்லப் பார்த்தேன். எனக்குப் பொய் நன்றாக வரும், வேலையே அதுதானே. ஆனால் இரண்டு வருஷமாகக் கடிதத்தை நம்பாமல் குழாயைத் துண்டில் சுற்றிக்கொண்டு ரயிலேறி வந்த ஒருவர் எதிரே நிற்கும்போது நாக்கு ஒத்துழைக்கவில்லை. மேலாளர் சொன்னதை அப்படியே சொன்னேன்.

அவர் வாளிக்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டார். “அவுக எல்லாரையும் மேல ஏத்துத வரைக்கும் நான் ஏற மாட்டேன்.”

மற்றவர்கள் கூடிவிட்டார்கள். ராக்கப்பன்தான் முதலில் பேசினார்.

“ஏந்தாயி, உனக்கென்ன கிறுக்கா? எழுப்பிப்புட்டா தண்ணி அட்டை போயிருமே. என் வீட்ல பேத்தி ரெண்டு கெடக்கு. எழுப்பிக் கூட்டிட்டுப் போயி அவன் வாயில எதை ஊத்துறது?”

“எனக்கும் ரெண்டு பிள்ளைக இருக்கு அண்ணாச்சி. ரெண்டு வருசமா எங்க வீட்டுக்காரவுக பங்குத் தண்ணியைத்தான் நாங்க மூணு பேரும் குடிச்சோம். குடிக்கயில நல்லாத்தான் இருந்துச்சு, இல்லன்னு சொல்லல. அதுக்காவ அவுகளைத் தண்ணிக்குள்ள விட்டுட்டுப் போவ முடியுமா? நாளையிலருந்து அரை வயித்துக்குக் குடிச்சுக்கிடுவோம்.”

“மூணு வருசம் இருக்குங்கிறானே.”

“அவன் எந்த உப்பளத்துல வேலை பாத்தான்? வாளி நாலு மாசத்துல என்னமா ரொம்புதுன்னு தம்பிகிட்ட கேளுங்க. கூடம் ரொம்ப வேண்டாம் அண்ணாச்சி. பெட்டிக்கு அடியில ஒரு சாண் வந்தா போதும்.”

ராக்கப்பன் மகனின் பெட்டிக்கே திரும்பிப் போய்விட்டார். சொர்ணக்கிளி என்னைப் பார்த்தார்.

“சுரங்கத்துல தண்ணி வந்தா என்ன செய்யணும்னு சட்டம் ஒண்ணும் இல்லையா?”

இருந்தது. எனக்கு மனப்பாடம். “கீழ இருக்கற ஒவ்வொருத்தரும் டோக்கன் வாங்கியிருக்கணும். தண்ணி வந்தா, டோக்கன் வாங்குன அத்தனை பேரையும் உடனே மேல ஏத்தணும். அதுவரைக்கும் லிஃப்ட் வேற வேலை பாக்கக் கூடாதுங்க.”

அவர் கழுத்தில் தொங்கிய பித்தளை டோக்கனைக் கையில் பிடித்துப் பார்த்தார். லிஃப்ட் அடியில் நானூறு கொக்கிகள் உள்ள பலகை இருக்கிறது, அந்தக் காலத்தில் ஒரு ஷிப்டுக்கு நானூறு பேர் உப்பு வெட்டினார்களாம். டோக்கனைக் கழற்றினால், மேலே சுரங்கப் பாதுகாப்பு அலுவலகத்தில் அந்தக் கொக்கிக்குரிய சிவப்பு விளக்கு எரியும், ஓர் ஆள் உள்ளே இருக்கிறார் என்று. திரும்ப மாட்டினால் அணையும்.

“அப்ப இவுக டோக்கன் எங்க?”

முந்நூற்று அறுபத்திரண்டு பெட்டிகளையும் சுற்றிப் பார்த்தேன். மூன்று வருஷமாக இங்கே வேலை பார்க்கிறேன், இந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை என்பதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன்.

“இவங்களுக்கு டோக்கன் கிடையாதுங்க அக்கா. ரெஜிஸ்தர்ல இவங்க ஆளுங்க இல்ல. சேமிப்புப் பொருள்.”

சொர்ணக்கிளி தரையிலிருந்து எழுந்தார்.

“டோக்கன் வாங்க என்ன செய்யணும்?” என்று கேட்டார் சொர்ணக்கிளி. குரலில் கோபமே இல்லை. ரேஷன் கடையில் எந்த வரிசை என்று கேட்பது போலத்தான் கேட்டார்.

“கையெழுத்துப் போடணும். குழந்தைங்க, முடியாதவங்கன்னா அவங்களுக்காக வழிகாட்டி போடலாம்.”

“வழிகாட்டி யாரு?”

எனக்கு மாதாமாதம் சம்பளத்தோடு இரண்டு ஆள் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. ஆத்தூரில் அப்பாவும் தங்கையும் அதைத்தான் குடித்தார்கள். கையெழுத்துப் போட்டால் அன்றைக்கே எல்லாம் போகும். “பொய்க் கையெழுத்துன்னு கேஸ் போடுவாங்க அக்கா” என்றேன்.

“எதுல பொய்? அவுக உள்ள இருக்காகளா இல்லையா?”

“இருக்காங்க.”

“தானா எந்திரிச்சு வந்து கையெழுத்துப் போட முடியுமா அவுகளால?”

“முடியாது.”

“பெறவு என்ன தம்பி?”

நான் போய் ரெஜிஸ்தரையும், பலகையில் மீதமிருந்த டோக்கன்களில் முந்நூற்று அறுபத்திரண்டை ஒரு சாக்கிலும் எடுத்து வந்தேன். எனக்கு ஒரு நிம்மதி இருந்தது, மூன்று வருஷத்தில் அன்றுதான் முதன்முதலாக என் சொந்த வசனத்தைப் பேசியிருந்தேன்.

வாளியை ஒட்டியிருந்த ஒன்றாம் பெட்டியிலிருந்து ஆரம்பித்தோம். அவர் கணவரிடமிருந்து ஆரம்பிக்கலாம் என்று நான் சொன்னபோது சொர்ணக்கிளி ஒப்பவில்லை. வாளிக்குப் பக்கத்தில் உள்ளவர்களுக்குத்தான் முதலில் என்றார். அவர் பெட்டியில் ஒட்டியிருந்த பெயரை வாசித்தார், நான் எழுதிக் கையெழுத்துப் போட்டேன், மற்றவர்கள் டோக்கனைப் பெட்டியின் கைப்பிடியில் கட்டினார்கள். ராக்கப்பன் கட்ட வரவில்லை. இருநூற்றுப் பத்தொன்பதுக்கு வந்தபோது கையை நீட்டினார். டோக்கனைப் பெட்டியில் கட்டாமல் தன் உள்ளங்கையில் வைத்து மூடிக்கொண்டார். ‘மாயழகு, த/பெ ராக்கப்பன்’ என்று எழுதினேன்.

நூறு பெயரைத் தாண்டியபோதே, மேலே எரிந்த விளக்குகளைப் பார்த்தவர்கள் போன் அடிக்க ஆரம்பித்தார்கள். முந்நூறில் சங்கு ஊதியது. மேலாளர் நேரிலேயே இறங்கி வந்து கத்தினார், வேலையைவிட்டு நீக்கினேன் என்றார். “சரிங்க சார், ஏறுனதும் போயிடறேன்” என்று எழுதிக்கொண்டே சொன்னேன். அவருக்கு வேறு வழியில்லை. இந்த டோக்கன்கள் பொய் என்று சொன்னால், பாதுகாப்பு அலுவலக அதிகாரி உள்ளே வந்து ஒவ்வொரு பெட்டியாக எண்ணிப் பார்க்க வேண்டும். நிஜம் என்றால் ஏற்ற வேண்டும். ஏற்றுவதுதான் லாபம் என்று அவர் கணக்கு சொல்லியிருக்கும்.

உப்பு வண்டிகள் ஏறும் பெரிய லிஃப்டில் நடைக்கு இருபது பெட்டிகள் வீதம் ஏற்றினார்கள். மேலே பந்தல் போட்டு டாக்டர்கள் எழுப்பத் தொடங்கினார்கள். மேலே ஏறிய பெட்டியின் டோக்கனைக் கீழே அனுப்பிக் கொக்கியில் மாட்டுவார்கள், ஒரு விளக்கு அணையும். பாதுகாப்பு அலுவலகத்திலிருந்து ஜீப்பில் வந்த பெண் அதிகாரி, கையடக்கத் திரையில் விளக்குகளைப் பார்த்தபடி பந்தல் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். முந்நூற்றுச் சொச்சம் சிவப்பு விளக்குகள் ஒரே நாளில் எரிந்ததை அவர் தன் வேலையில் கண்டதில்லையாம்.

தவசிமுத்து கண் விழித்தபோது மணி ஐந்து. வெயில் இன்னும் அடித்துக்கொண்டிருந்தது. அவர் மனைவியைப் பார்த்துவிட்டு, பந்தல் ஓட்டை வழியாகத் தெரிந்த வானத்தைப் பார்த்தார்.

“மழை பெஞ்சிட்டா?”

“பெய்யல. வேற தண்ணி வந்துட்டு. அதான் எழுப்பிட்டேன்.”

“பிள்ளைக?”

“இருக்குதுக. மூத்தவன் உங்களைவிட ஒசரமா வளந்துட்டான்” என்று சொல்லி, அதுவரை ஒரு துளி கலங்காத அந்த அம்மாள் அவர் மார்பில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதார். எனக்கும் அழுகை வந்தது. மறைக்கவில்லை.

ஆறரை மணிக்குக் கடைசி நடை வந்தது. ஆனால் கீழே போன ஆட்கள் பதினோரு பெட்டிகளைக் கொண்டுவரவில்லை. அவற்றில் மெஷின் கோளாறு, நாளைக்கு ஏற்றலாம் என்று மேலாளர் சொன்னார். அதைச் சொல்லும்போதே பத்து விளக்குகள் சட்டென்று அணைந்தன. பெட்டிகளைக் கீழேயே விட்டுவிட்டு, டோக்கன்களை மட்டும் அவிழ்த்துக் கொக்கியில் மாட்டியிருந்தார்கள். அதிகாரியின் திரையில் ஒரே ஒரு சிவப்பு விளக்கு மிஞ்சியது.

“இருநூற்றுப் பத்தொன்பதாம் பெட்டியின் டோக்கன் யாரிடம் இருக்கிறது?” என்று கேட்டார் அதிகாரி. நான் தமிழில் சொன்னேன்.

பந்தல் கம்பத்தில் சாய்ந்து உட்கார்ந்திருந்த ராக்கப்பன் கையைத் தூக்கினார். மூடிய கை. மேலாளர் வேகமாக அவரிடம் போய்க் குனிந்தார். தாழ்ந்த குரலில் பேசினாலும் நான் பக்கத்தில் நின்றதால் கேட்டது. அவர் பேசியதை மொழிபெயர்க்க என்னைக் கூப்பிடவில்லை. ‘அட்டை’ என்ற சொல்லை மட்டும் தமிழில் இரண்டு தடவை சொன்னார்.

ராக்கப்பன் அவரைத் தாண்டி என்னைப் பார்த்தார்.

“தம்பி, அந்த அம்மாகிட்ட நான் சொல்றதை அப்படியே சொல்லு. எம்மகன் மாயழகு செத்து ஒரு வருசமாச்சு. போன தடவை வந்தப்ப இந்த ஆளுதான் தனியாக் கூப்பிட்டு அரைகுறைத் தமிழ்லயும் சைகையிலயும் சொன்னாரு. வெளிய சொல்லாட்டி அட்டை அப்படியே ஓடும்னாரு. நான் பேத்திகளை நெனச்சுச் சரின்னுட்டேன். ஒரு வருசமா எம்புள்ளை செத்த தண்ணியைக் குடிச்சேன் தம்பி. இதையும் சொல்லு.”

நான் சொன்னேன். சொர்ணக்கிளி கணவரின் பக்கத்திலிருந்து எழுந்து வந்து ராக்கப்பனுக்கு அருகில் நின்றார். அதிகாரி நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். இறந்தவர் என்றால் டோக்கனைக் கொடுத்துவிடலாம், உடலை முறைப்படி நாளை எடுக்க ஏற்பாடு செய்யலாம் என்று மேலாளர் அவரிடம் விளக்கத் தொடங்கினார்.

“டோக்கன் குடுத்தா வெளக்கு அணைஞ்சிரும்ல?” என்று ராக்கப்பன் என்னைக் கேட்டார்.

“ஆமாங்கய்யா.”

“அப்பத் தர மாட்டேன். எம்மகன் இனிமே நெருப்புக்குத்தான், சேமிப்புப் பொருள் இல்ல. அவன் ஆளு. ஆளு இன்னும் கீழதான் இருக்கான். இந்தம்மா எறங்கிப் போயி, அவனையும் சேத்து அங்க எத்தனை பேரு செத்துக் கெடக்காகன்னு எண்ணட்டும். மத்த கூடத்தையும் தொறந்து எண்ணட்டும். எண்ணி முடிக்கிற வரைக்கும் இது எங்கைக்குள்ளயே இருக்கட்டும்.”

அதிகாரி லிஃப்ட் ஆட்களைக் கூப்பிட்டு லிஃப்டைத் திறக்கச் சொன்னார். கீழே இறங்குவதற்கு முன், பெயர்களை எண்ணிச் சரிபார்க்க என்னிடம் ரெஜிஸ்தரைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.